கெல்லாக்கின் அகப்பை

இது நடந்தது. முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் என்னைத் தெரிந்தவர்கள் நம்பமாட்டார்கள். முப்பத்தொரு ஆண்டுகளாக நரகத்தைப் பற்றிப் பொய் எழுதியே கஞ்சி குடித்தவன் நான். அறுபத்து மூன்று பேருடைய நரக தரிசனங்கள் என் கையால் எழுதப்பட்டவை. அவற்றில் அறுபத்திரண்டு என் மண்டையிலிருந்து வந்தவை. மீதி ஒன்று ஒரு நார்மன் சீமாட்டியுடையது. அந்த அம்மாள் உண்மையிலேயே ஏதோ பார்த்தார். அவர் பார்த்தது ஒரு வௌவால்.

அதனால்தான் சொல்கிறேன். பொய் எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். இது அப்படி இல்லை.

இதெல்லாம் நள்ளிரவில்தான் நடக்கும் என்பவர்களுக்கு இன்னொன்று. எனக்கு நடந்தது பட்டப்பகலில். மே மாதம், திங்கட்கிழமை. நடுப்பகல் மணி அடித்து, இரண்டாவது ஜெபச் சங்கீதம் பாதி சொல்லும் நேரம். வெளியே நல்ல வெயிலாம். அயர்லாந்தில் அதுவே ஓர் அற்புதம்தான். ஆனால் நான் சொல்லவந்தது அது இல்லை.

எங்கள் தீவு வடக்கே, ஓர் ஏரியின் நடுவில் இருக்கிறது. ஒரு மடம், ஒரு கோயில், ஒரு சமையற்கட்டு, ஒரு குகை. பாவம் செய்தவர்கள் எங்கிருந்தெல்லாமோ அந்தக் குகையைத் தேடி வருவார்கள். பதினைந்து நாள் உப்பில்லாத ரொட்டியும் ஏரித் தண்ணீரும் கொடுப்போம். பதினாறாம் நாள், உயிரோடு இருக்கிற ஆளைப் பாடையில் படுக்கவைத்து அடக்கப் பூசை பாடுவோம். பிறகு குகைக்குள் விட்டுப் பூட்டிவிடுவோம். மறுநாள் காலை மணி அடித்ததும் கதவு திறக்கும். ஆள் கதவருகே இருந்தால் பாவம் கழிந்தது. இல்லாவிட்டால் கதவை மறுபடி பூட்டிவிட்டு வந்துவிட வேண்டும். தேடக் கூடாது. அந்தப் பெயரைச் சொல்லவும் கூடாது. என் காலத்தில் அப்படி இரண்டு பேர்.

வெளியே வந்தவர் உள்ளே கண்டதைச் சொல்ல வேண்டும், நான் எழுத வேண்டும். சிக்கல் என்னவென்றால், அந்தக் குகை ஒன்பது அடி நீளம், மூன்று அடி அகலம். உள்ளே போகாமல், வாசலில் நின்று கழியை விட்டு நானே அளந்திருக்கிறேன். பதினைந்து நாள் பட்டினி கிடந்தவரை அதற்குள் விட்டால் என்ன செய்வார்? தூங்குவார்.

“என்னய்யா பார்த்தீர்?”

“இருட்டா இருந்துச்சு சாமி.”

“அப்புறம்?”

“முட்டி வலிச்சுது.”

கடல் தாண்டி வந்த மனிதருக்கு இதையா எழுதிக் கொடுப்பது? மனசு கேட்காது. கொஞ்சம் சேர்ப்பேன். எல்லையில் கல்லை நகர்த்தி வைத்தவன், பழுக்கக் காய்ந்த அதே கல்லை மடியில் வைத்துத் தாலாட்டுவான். பாலில் தண்ணீர் கலந்தவன், ஒரு குளத்தின் கரையில் உட்கார்ந்து, பாலை வேறாகத் தண்ணீரை வேறாகச் சொட்டுச் சொட்டாகப் பிரிப்பான். காலம் முடியும்வரை. இதைக் கேட்டு மூன்று பால்காரர்கள் மனம் திருந்தியிருக்கிறார்கள். நாலாவது ஆள் தொழிலை மாற்றிக்கொண்டு பீர் விற்கப் போனான்.

ஒரு தரிசனத்தில் பெயர் சொல்லி ஒரு பாவியாவது வர வேண்டும். பெயரில்லாத பாவியைக் கண்டு யாரும் பயப்படுவதில்லை. அதற்கு ஒரே ஒரு விதி. எழுதும் அறைச் சுவரில், எனக்கு முன்னால் இருந்த யாரோ கத்தியால் கீறி வைத்திருந்தார்: ‘செத்தவர் மட்டும்.’ பக்கத்து ஆணியில் என் தொப்பியை மாட்டுவேன். அது பாதி மறைந்திருக்கும்.

இனி கெல்லாக். எங்கள் சமையற்காரத் துறவி. என் வயதுதான். இருவரும் ஒரே வசந்தத்தில் மடத்தில் சேர்ந்தவர்கள். அவன் சமைத்த ஓட்ஸ் கஞ்சியை முப்பது ஆண்டு குடித்தேன். முப்பது ஆண்டும் அடிப்பிடித்த கஞ்சி. காரணம் இருந்தது. சமையற்கட்டுக்குள் யார் தலையை நீட்டினாலும் அகப்பையை அவர் கையில் திணித்துவிடுவான். பெரும்பாலும் அகப்படுவது நான், கோல்கு.

“கோல்கு, கொஞ்சம் பிடி. இதோ வந்துடறேன்.”

அவன் ‘இதோ’ என்றால் அரை மணி. அடுப்புக்குப் பின்சுவரில் ஒரு பானையில் வெண்ணெய் ஒளித்துவைத்திருந்தான். வெண்ணெய் கூடாத தவக்காலத்தில் நாங்கள் எல்லோரும் வாய் வறண்டு கிடப்போம். அவன் உதடு மட்டும் பளபளக்கும்.

“உதட்டுல என்னய்யா?”

“வேர்வை.”

“மார்ச் மாசத்துலயா?”

“நீ வந்து அடுப்புக்கிட்ட நின்னு பாரு, தெரியும். இந்தா, கொஞ்சம் பிடி.”

பத்தாண்டுக்கு முன் டான்யூப் ஆற்றங்கரையிலிருந்து பெர்ட்டோல்ட் என்று ஒரு வீரர் வந்தார். பெருத்த உடம்பு. குகைக்குள் அவர் விட்ட குறட்டை படகுத்துறைவரை கேட்டது. காலையில் வெளியே வந்து, ஒன்றும் ஞாபகமில்லை என்று அழுதார். நான் எழுத உட்கார்ந்தேன். அப்போது என் நாக்கில் அன்றைய கஞ்சி கசந்துகொண்டிருந்தது. எழுதிவிட்டேன்:

‘ஏழாம் பள்ளத்தில் ஓர் இரும்பு அண்டா. அதன்முன் ஏரித்தீவின் சமையற்காரன் கெல்லாக். தீராத கஞ்சியைக் கிண்டுகிறான்; அது தீராமல் அடிப்பிடிக்கிறது. அகப்பையைக் கீழே வைக்க அவனால் முடியாது. வேறொருவன் வந்து அதைக் கையில் வாங்கும்வரை.’

பெர்ட்டோல்ட் அந்தத் தோல் ஏட்டைப் பட்டுத் துணியில் சுற்றி ஊருக்கு எடுத்துப் போனார். நகல் ஒன்று எங்களிடம் இருந்தது. சாப்பாட்டு நேரத்தில் ஒருவர் ஏடு வாசிக்க, மற்றவர்கள் பேசாமல் சாப்பிடுவது எங்கள் வழக்கம். அக்டோபரில் ஒருநாள் அது வாசிக்கப்பட்டது. கெல்லாக் அப்போது பரிமாறிக்கொண்டிருந்தான்.

கூடமே சிரித்தது. மடத்துத் தலைவர் எயோகன் சாமியும் சிரித்தார். பிறகு அதை இருமலாக மாற்றிக்கொண்டார். கெல்லாக் சிரிக்கவில்லை. அவன் கையிலிருந்த அகப்பை கிண்ணத்தின் விளிம்பில் தட்டிக்கொண்டே இருந்தது. டக் டக் டக் டக்...

மாலையில் என்னைத் தேடி வந்தான்.

“யோவ், நான் செத்துட்டேனா?”

“விளையாட்டுக்குய்யா.”

“அந்த டான்யூப்காரன் என்னைப் பார்த்தானா இல்லையா?”

“அவன் எங்க பார்த்தான்? தூங்கினான்.”

“அப்ப யாரு பார்த்தது?”

எழுதும்போது அந்த அண்டா என் கண்முன் இருந்தது உண்மைதான். அதன் ஒரு காது உடைந்திருந்தது. அதை நான் எழுதவில்லை.

நவம்பரில் அவன் வலது கை மடங்கியது. முதலில் சுண்டுவிரல். பிறகு ஒவ்வொன்றாக மற்றவை. இறுக்கி மூடிய முஷ்டி இல்லை அது. நடுவில் ஓட்டை இருந்தது, ஒரு காம்பைப் பிடித்திருப்பதுபோல. இரண்டு பேர் சேர்ந்து இழுத்தும் விரியவில்லை. தூக்கத்தில் அந்தக் கை சுற்றிச் சுற்றி வரும். பக்கத்துப் படுக்கைக்காரர் இடம் மாறிவிட்டார்.

எங்கள் ஏட்டில் அவன் பெயரைக் கத்தியால் சுரண்டி எடுத்தேன். கொண்டுபோய்க் காட்டினேன். சுரண்டிய இடத்தைத் தடவிப் பார்த்தான்.

“அங்க போன ஏட்டுல?”

அதற்கு நான் என்ன செய்ய முடியும்? கடலுக்கு அப்பால், மலைகளுக்கு அப்பால் இருந்தது அது.

மே மாதத்தில் அவன் எலும்பும் தோலுமாகக் கிடந்தான். இன்னும் ஒரு வாரம் என்றார் மருந்து கொடுக்கிறவர். கெல்லாக் என்னைக் கூப்பிட்டனுப்பினான்.

“நீ அந்தக் குகைக்குள்ள போனதே இல்லைல்ல?”

“இல்லை.”

“போ. நான் அங்க இருக்கேனான்னு பார்த்துட்டு வந்து சொல்லு. தெரியாமச் சாக முடியலய்யா.”

“நான் பொய் சொன்னா?”

“உன் மூஞ்சியில தெரிஞ்சுடும். உனக்குப் பொய் எழுதத்தான் வரும். சொல்ல வராது.”

எயோகன் சாமி பதினைந்து நாள் பட்டினியை மூன்று நாளாகக் குறைத்தார். கெல்லாக்குக்குப் பதினைந்து நாள் இல்லை.

திங்கட்கிழமை காலை என்னைப் பாடையில் கிடத்தினார்கள். என் அடக்கப் பூசையை நானே கேட்டேன். பாடகர்கள் இரண்டு இடத்தில் சுருதி தப்பினார்கள். எழுந்து சொல்ல முடியவில்லை. கெல்லாக்கைக் கட்டிலோடு தூக்கிக் குகை வாசலில் வைத்திருந்தார்கள். போர்வைக்கு வெளியே அந்தக் கை.

“சீக்கிரம் வாய்யா” என்றான்.

“நாளைக் காலைல கதவுக்கிட்ட இரு, கோல்கு” என்றார் எயோகன் சாமி. “எனக்கு வேற எழுத்துக்காரன் கிடையாது.”

காலை மணி அடித்தது. கதவு மூடியது. பூட்டு இரண்டு சுற்று.

இருட்டு. ஈரம். குளிர். நிமிர்ந்து உட்கார முடியாது. மண்டியிட்டேன், முட்டி வலித்தது. பெர்ட்டோல்ட் இங்கே எப்படிப் படுத்தார் என்று யோசித்தேன். குப்புறப் படுத்து, பாதங்களைக் கதவில் ஊன்றி, கையை முன்னால் நீட்டிப் பார்த்தேன். என் உயரத்துக்குக் கை நுனிவரை ஏழு அடி. மீதி இரண்டு அடியில் சுவர் இருக்க வேண்டும். ஒரு கூழாங்கல்லை எறிந்தேன்.

டக்.

சரி. சுவர் இருந்த இடத்தில்தான் இருக்கிறது. மனசு கொஞ்சம் அடங்கியது. கெல்லாக்கிடம் சொல்லப்போகும் வாக்கியத்தைத் தயார் செய்தேன். ‘நீ அங்க இல்லை. அங்க எதுவுமே இல்லை. ஒன்பது அடி.’ உண்மையைச் சொல்லப் போகிறோம் என்பதே எனக்குப் புதிதாக இருந்தது. இரண்டு முறை சொல்லிப் பார்த்தேன்.

முற்பகல் மணி கேட்டது. தூரத்தில், தண்ணீருக்கு அடியில் அடிப்பதுபோல. பொழுது போகவில்லை. பாதம் கதவில் இருக்கிறதா என்று பார்த்துக்கொண்டு, இன்னொரு கல்லை எறிந்தேன்.

.......டக்.

நான் சரியாகக் கேட்கவில்லை என்று நினைத்தேன். மூன்றாவது கல்லை எடுத்தேன். அதே அளவு. அதே வேகம்.

எறிந்தேன்.

காத்திருந்தேன்.

ஒரு சங்கீதம் முழுதும் சொல்லி முடித்தேன். கல் விழவில்லை.

பாதத்தால் கதவை அழுத்திக்கொண்டேன். மரம். ஆணி. இருந்தது. முன்னால் மட்டும்...

முகத்தில் சூடு பட்டது. அடுப்புத் திறந்ததுபோல் அல்ல. அடுப்பிருக்கும் அறையின் கதவு எங்கோ திறந்ததுபோல.

பிறகு வாசம். அடிப்பிடித்த ஓட்ஸ்.

எங்கள் சமையற்கட்டு குகைக்கு நூறு தப்படி தள்ளி இருக்கிறது. காற்றில் வருகிறது என்று சொல்லிக்கொண்டேன். ஆனால் திங்கட்கிழமை எங்கள் மடத்தில் அடுப்பு மூட்டுவதில்லை.

நடுப்பகல் மணி அடித்தது.

நான் சங்கீதம் சொல்லத் தொடங்கினேன். சத்தமாக. முதல் சங்கீதம் முடியும்போதுதான் அது கேட்டது.

கரக்.

நிறுத்தினேன். அதுவும் நின்றது.

இரண்டாவது சங்கீதம் தொடங்கினேன்.

கரக்... கரக்... கரக்...

இரும்பின் அடியை மரம் சுரண்டும் சத்தம். சுற்றிச் சுற்றி. ஒவ்வொரு சுற்றிலும் ஓரிடத்தில் மட்டும் தடுக்கியது. அண்டாவின் ஒரு காது உடைந்திருந்தால், அது ஒரு பக்கமாகச் சாய்ந்து தொங்கும். அப்படித் தொங்கினால் அந்த இடத்தில் தடுக்கும்.

அதை நான் யாரிடமும் சொன்னதில்லை.

கரக்... கரக்...

நின்றது.

“கோல்கு.”

பாதத்தைக் கதவில் இன்னும் அழுத்தினேன்.

“கோல்கு... கொஞ்சம் பிடி.”

கெல்லாக்கின் குரல். கெஞ்சல் இல்லை. அழுகை இல்லை. சமையற்கட்டில் கேட்ட அதே குரல். கொஞ்சம் அவசரம். கொஞ்சம் எரிச்சல்.

அவன் வெளியே கட்டிலில் கிடந்தான். அப்போது உயிரோடுதான் இருந்தான். அது எனக்குத் தெரியும்.

நான் பேசாமல் இருக்கலாம். ஒரு சங்கீதம்... ஒரு மணி... காலை வரை. ஆனால் காலையில் அவன் என் மூஞ்சியைப் பார்ப்பான்.

ஏதோ என் உள்ளங்கையைத் தொட்டது.

முப்பது ஆண்டுப் பழக்கம் என்று வைத்துக்கொள்ளுங்கள். வேறு காரணம் எதுவும் நான் சொல்லப் போவதில்லை.

பிடித்தேன்.

மரக்காம்பு. சுட்டது. கொஞ்சம் வழுக்கியது.

வெண்ணெய்.

“இதோ வந்துடறேன்” என்றது.

காலடிகள். போயின... போயின... என்னைக் கடந்து, கதவுப் பக்கமாக.

பிறகு...

கரக்.

இந்த முறை அது என் கையிலிருந்து வந்தது.

பிற்பகல் மணி அடித்தபோது என் கையில் ஒன்றுமில்லை. மறுபடி குளிர். கல்லைத் தேடி எடுத்து எறிந்தேன். டக். அடுத்த பதினாறு மணி நேரமும் கதவில் முதுகை ஒட்டிவைத்து, தலையைக் குனிந்து உட்கார்ந்திருந்தேன். தூங்கவில்லை. உள்ளங்கையில் ஒரு கொப்புளம் மட்டும் எரிந்தது.

செவ்வாய்க்கிழமை காலை மணி. பூட்டு இரண்டு சுற்று. எயோகன் சாமியின் முகம்.

“கெல்லாக் எங்க?” என்றேன்.

“நேத்து சாயங்காலம் போயிட்டான்ப்பா. நல்ல சாவு.”

அவர் சொன்னார். நடுப்பகல் மணி அடித்து, கோயிலில் இரண்டாவது சங்கீதம் பாதி பாடிக்கொண்டிருந்தபோது கெல்லாக்கின் வலது கை தானாக விரிந்ததாம். விரல்களை மடக்கி நீட்டிப் பார்த்தானாம், புதுக் கையுறை போட்டவன்போல. எழுந்து உட்கார்ந்து ரொட்டியும் வெண்ணெயும் கேட்டானாம். பானை எங்கே ஒளித்திருக்கிறது என்று அவனே சொன்னானாம். நன்றாகச் சாப்பிட்டுவிட்டு, மாலை மணிக்கு உயிர் பிரிந்தது.

“ஏதாவது சொன்னானா?”

“கை விரிஞ்சப்போ ஒரே ஒரு வார்த்தை சொன்னான். ‘வாங்கிட்டான்’னான். யாரு, என்னதுன்னு கேட்டோம். சிரிச்சான். அவ்வளவுதான்.” பிறகு அவர் என்னைப் பார்த்தார். “நீ என்ன பார்த்தே?”

“இருட்டா இருந்துச்சு சாமி.”

“அப்புறம்?”

“முட்டி வலிச்சுது.”

அதன்பிறகு நான் யாருக்கும் தரிசனம் எழுதவில்லை. வௌவாலைப் பார்த்தவர்களுக்கு வௌவால் என்றே எழுதிக் கொடுத்தேன். வருகிற கூட்டம் குறைந்தது. எயோகன் சாமி வருத்தப்பட்டார்.

ஒன்பது ஆண்டு கழிந்தது. போன மாதம் டான்யூப் கரை மடத்திலிருந்து விப்ரெக்ட் என்று ஒரு துறவி வந்தார். பெர்ட்டோல்ட் ஊர் திரும்பியதும் அந்த ஏட்டை அவர்கள் மடத்துக்குக் கொடுத்திருக்கிறார். ஆண்டுதோறும் நவம்பரில் அதை வாசிப்பார்களாம்.

“உங்ககிட்ட ஒண்ணு கேக்கணும் பெரியவரே” என்றார். “முதல் நவம்பர்லயே அந்தச் சமையற்காரன் பேரு எங்க எல்லாருக்கும் மனப்பாடம் ஆயிடுச்சு. கெல்லாக். ஆனா ஒன்பது வருஷம் முன்னாடி நவம்பர்ல திறந்து வாசிச்சா, வேற பேரு இருக்கு. ஏடு பூட்டின பெட்டிக்குள்ள இருந்துச்சு. சாவி எங்க மடத்துத் தலைவர் சாமிகிட்ட. இது உங்க எழுத்துதானே?”

பட்டுத் துணியைப் பிரித்தார்.

என் எழுத்துதான். கடைசி எழுத்தின் வாலை மேல்நோக்கிச் சுழிப்பது என் கெட்ட பழக்கம். அந்தச் சுழியும் இருந்தது. ‘அதன்முன் ஏரித்தீவின் எழுத்துக்காரன் கோல்கு.’

தடவிப் பார்த்தேன். கத்தியால் சுரண்டினால் தோல் சொரசொரப்பாகிவிடும். எங்கள் ஏட்டில் அப்படித்தான் ஆனது. இங்கே வழுவழுவென்றிருந்தது.

அதைக்கூடப் பொறுத்துக்கொண்டிருப்பேன். வாங்கியவன் நான்தானே. அடுத்த வரிகளைப் படித்தேன். தீராத கஞ்சி. அடிப்பிடிக்கிறது. அகப்பையைக் கீழே வைக்க அவனால் முடியாது.

அதோடு முடிந்திருந்தது. கீழே வெறும் தோல். கன்றின் வயிறுபோல வெள்ளையாக.

“இதுக்குக் கீழ இன்னொரு வரி இருந்துச்சே” என்றேன். “வேறொருவன் வந்து கையில வாங்கும்வரைன்னு...”

விப்ரெக்ட் யோசித்தார். தலையை ஆட்டினார்.

“இல்லையே. எனக்கு முழுசும் மனப்பாடம். அப்படி ஒரு வரி எப்பவுமே இருந்ததில்லை.”

அவர் போய் இருபது நாளாகிறது. சென்ற வியாழக்கிழமை காலை மணிக்கு என் வலது கையில் சுண்டுவிரல் மடங்கியது. மற்ற விரல்களும் ஒவ்வொன்றாக மடங்கிவிட்டன. நடுவில் ஓட்டை இருக்கிறது.

இதை இடது கையால் எழுதுகிறேன். எழுத்து கோணலாக இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.